பிழைத்த கோழியும் பறிபோன எதிர்ப்பாற்றலும்

மலேசியாவில் கோழி இல்லாத விருந்தைக் காண்பது அரிது. நாம் பயிலும் தஞ்சோங் மாலிமையே எடுத்துக்கொள்வோம். வெளியூர் நண்பர்கள் வந்தால் முதலில் கேட்பது இவ்வூர்ப் பாவைத்தான். அதிலும் கோழிக் கறி வைத்த பாவுக்குத் தனி மவுசு. காலையில் நாசி லெமாக்கோடு ஒரு துண்டு, நண்பகலில் கோழிப் பிரட்டல், இரவில் கடையில் ஆயாம் கோரெங் என்று நம் நாள் ஓடுகிறது. மலேசியர் ஒருவர் ஆண்டுக்குச் சராசரியாக ஏறத்தாழ 50 கிலோ கோழி இறைச்சி உண்கிறார். 2022-ஆம் ஆண்டு ஜூன் முதல் நாள் நம் அரசாங்கம் கோழி ஏற்றுமதியை நிறுத்தியபோது, சிங்கப்பூர்ச் சோற்றுக் கடைகள் கவலையில் ஆழ்ந்ததை நாம் செய்திகளில் கண்டோம்.

இவ்வளவு உண்கிறோம், ஆனால் கோழி எவ்வாறு நோயை எதிர்க்கிறது என்று எண்ணிப் பார்த்திருக்கிறோமா? நம் உடலின் நோய் எதிர்ப்பாற்றலைப் பற்றி இன்று அறிவியல் அறிந்துள்ளவற்றுள் ஒரு பெரும்பகுதி கோழியிடமிருந்து கற்றது என்றால் வியப்பாக இருக்கும். அந்த உண்மையை எனக்குப் புரியவைத்தது ஒரு நோய். அதன் பெயர் கம்போரோ. கோழிப் பண்ணை வைத்திருப்போர் அனைவரும் அறிந்த பெயர். உயிரியல் ஆசிரியராகப் பயிற்சி பெறுபவன் என்ற முறையில், அந்நோயைப் பற்றி நம் கழக வாசகர்களுக்கு எளிய தமிழில் விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

சித்தப்பாவின் கேள்வி

என் சித்தப்பா பேராங் பக்கம் ஒரு சிறிய கோழிப் பண்ணை நடத்துகிறார். தோட்ட வேலையிலிருந்து வெளியேறிய பிறகு அவர் கட்டியெழுப்பிய வாழ்வு அது. ஒப்பந்த முறைதான்: குஞ்சும் தீனியும் மருந்தும் ஒரு நிறுவனம் தரும், வளர்த்துக் கொடுத்தால் எடைக்கு ஏற்பக் கூலி.

ஒருமுறை இரண்டாம் வாரக் கடைசியில் சில குஞ்சுகள் சோர்ந்து உட்கார்ந்தன, வெள்ளையாகக் கழிந்தன. ஓரிரு நாள்களில் ஒரு சில இறந்தன. பிறகு எல்லாம் அடங்கிவிட்டது. மூன்றாம் வாரம் நியூகாசல் நோய்க்கான தடுப்பு மருந்தை அட்டவணைப்படி இரண்டாம் முறையாகக் கொடுத்தார். ஆனால் ஐந்தாம் வாரத்தில், விற்பனைக்குச் சில நாள்களே இருந்தபோது, கோழிகள் இருமத் தொடங்கின. சிலவற்றின் கழுத்து திருகிக்கொண்டது. நாள்தோறும் வாளி வாளியாக இறந்த கோழிகளை அள்ளினார். ஆய்வகச் சோதனையில் நியூகாசல் என்றே முடிவு வந்தது.

“ஊசி போட்டும் சாவுதுன்னா அப்புறம் எதுக்குய்யா ஊசி? நம்ம பிள்ளைங்களுக்குப் போடுறதும் இப்படித்தானோ என்னவோ,” என்றார் சித்தப்பா. கண்ணில் சொட்டு விட்டாலும் தண்ணீரில் கலந்து கொடுத்தாலும் அவருக்கு எல்லாமே ஊசிதான்.

பண்ணைக்கு வந்த கால்நடை அதிகாரி இறந்த கோழி ஒன்றை அறுத்து, ஆசனவாய்க்கு மேலே இருந்த ஒரு சிறு உறுப்பைக் காட்டினார். அந்த வயதில் நல்ல கோலிக்குண்டு அளவு இருக்க வேண்டியது, வற்றிய கடலைப் பருப்பைப் போல் சுருங்கிக் கிடந்தது. “இவை முன்னமே கம்போரோ வந்து பிழைத்த கோழிகள். நீங்கள் கொடுத்த மருந்து நல்ல மருந்துதான். அதை வாங்கிக்கொள்ள இவற்றிடம் ஆள் இல்லை,” என்றார். அந்த ‘ஆள்’ யார் என்பதுதான் இனி நாம் காணவிருப்பது.

சீக்கு என்ற ஒரே பெயர்

தோட்டப்புறத்தில் கோழிக்கு எந்த நோய் வந்தாலும் ‘சீக்கு வந்துவிட்டது’ என்பார்கள். தமிழ்நாட்டில் ‘வெள்ளைக்கழிச்சல்’ என்ற சொல் உண்டு. அது பெரும்பாலும் நியூகாசல் நோயைக் குறிக்கும். அந்நோய் 1926-இல் ஜாவாவிலும் இங்கிலாந்தின் நியூகாசல் நகரிலும் கண்டறியப்பட்டது. இந்தியாவில் இமயமலை அடிவாரத்து ராணிகேத் என்ற ஊரின் பெயரால் அதை ‘ராணிக்கெட் நோய்’ என்றும் அழைப்பர்.

கம்போரோ வேறு. அது 1957-இல் அமெரிக்காவின் டெலவேர் மாநிலத்தில் கம்போரோ என்னும் சிற்றூரை ஒட்டிய பண்ணைகளில் தோன்றியது. 1962-இல் காஸ்குரோவ் என்ற ஆய்வாளர் அதை விவரித்து எழுதினார். இறந்த கோழிகளின் சிறுநீரகங்கள் வீங்கியிருந்ததால், முதலில் அதைச் சிறுநீரக நோய் என்றே கருதினர். உண்மையான இலக்கு வேறோர் உறுப்பு என்பது பின்னரே தெளிவாயிற்று.

இரண்டு நோயிலும் கோழி சோர்கிறது. இரண்டிலும் கழிச்சல் உண்டு. ஆகவே ஒன்றை மற்றொன்றாக எண்ணுவது எளிது. ஆனால் நியூகாசல் கோழியைக் கொல்வதோடு முடிந்துவிடும். கம்போரோ, கொல்லாமல் விட்ட கோழியிடமும் தன் வேலையைக் காட்டிவிட்டே செல்லும்.

பெயரில்லாத பை

மேலே சொன்ன சிறு உறுப்பைப் பற்றி முதலில் எழுதியவர் இத்தாலியின் பாதுவா நகரில் உடற்கூற்றியல் கற்பித்த ஃபாப்ரீசியஸ். இரத்த ஓட்டத்தைக் கண்டறிந்த வில்லியம் ஹார்வியின் ஆசிரியர் இவர். இவருடைய குறிப்பு, இவர் மறைந்த பின் 1621-இல் வெளிவந்தது. அந்தப் பை சேவலின் விந்தைச் சேமிக்கும் இடம் என்று அவர் எண்ணினார். அதன் பிறகு முந்நூறு ஆண்டுகளுக்கு மேலாக அப்பையின் பயன் யாருக்கும் விளங்கவில்லை. ‘ஃபாப்ரீசியஸ் பை’ என்று அவர் பெயர் மட்டும் நிலைத்தது.

1950-களில் ஒஹாயோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் புரூஸ் கிளிக் என்ற ஆராய்ச்சி மாணவர் இளங்குஞ்சுகளிடமிருந்து அந்தப் பையை அகற்றிவிட்டு, என்ன ஆகிறது என்று பார்த்தார். குஞ்சுகள் நன்றாகவே வளர்ந்தன. ஒரு வேறுபாடும் தெரியவில்லை. அப்போது அவருடைய நண்பர் திமோத்தி சாங்கிற்கு ஒரு வகுப்புக்காகக் கோழிகள் தேவைப்பட்டன. கோழிக்குக் கிருமிப் பொருளை ஊசியாகச் செலுத்தினால் அதன் இரத்தத்தில் எதிர்ப்பொருள் உண்டாகும் என்று மாணவர்களுக்குக் காட்ட வேண்டும். கிளிக் தம்மிடமிருந்த கோழிகளைக் கொடுத்தார். வகுப்பில் பாடம் சரியாக நடக்கவில்லை. பல கோழிகளின் இரத்தத்தில் எதிர்ப்பொருளே உண்டாகவில்லை. அந்தக் கோழிகள் எவையென்று தேடிப் பார்த்தால், பை அகற்றப்பட்டவை!

இந்தக் கண்டுபிடிப்பை விளக்கிய கட்டுரையைப் புகழ்பெற்ற ஓர் அறிவியல் இதழ் ஏற்கவில்லை. 1956-இல் கோழி வளர்ப்பு ஆய்வுக்கான ஓர் இதழில்தான் அது வெளிவந்தது. பல ஆண்டுகள் அதை யாரும் பெரிதாகக் கவனிக்கவில்லை. 1965-இல் மேக்ஸ் கூப்பரும் அவருடைய குழுவினரும் கோழிகளைக் கொண்டே ஓர் உண்மையை நிறுவினர். உடலின் எதிர்ப்புப் படையில் இரண்டு பிரிவுகள் உண்டு. ஒன்று தைமஸ் சுரப்பியைச் சார்ந்தது. அதன் முதலெழுத்தால் அது ‘டி’ உயிரணு. மற்றொன்று எதிர்ப்பொருளை உருவாக்குவது. பர்சா எனப்படும் இந்தப் பையின் முதலெழுத்தால் அது ‘பி’ உயிரணு. மனிதருக்கு இந்தப் பை கிடையாது. நம் பி உயிரணுக்கள் எலும்பு மஜ்ஜையில் உருவாகின்றன. ஆயினும் நம் பாடநூலில் வரும் அந்த எழுத்து, கோழியின் பையிலிருந்து வந்ததே.

பயிற்சிக் கல்லூரியாகிய பை

பை என்ன செய்கிறது என்பதை நம் ஊரை வைத்தே விளக்கலாம்.

1922-இல் தஞ்சோங் மாலிமில் சுல்தான் இட்ரிஸ் பயிற்சிக் கல்லூரி தொடங்கப்பட்டது. 1997-இல் அது பல்கலைக்கழகமாக உயர்ந்தது. இங்குப் பயிற்சி முடித்தவர்கள் பெர்லிஸ் முதல் சபா வரை பள்ளிகளுக்குச் செல்கின்றனர். கல்லூரி இருப்பது ஓரிடத்தில். அதன் பயன் நாடெங்கும்.

கோழியின் பையும் அப்படித்தான். முட்டைக்குள் கரு வளரும்போதே பயிற்சி பெறாத உயிரணுக்கள் அந்தப் பைக்குள் நுழைகின்றன. அங்கே ஒவ்வோர் உயிரணுவும் வெவ்வேறு வகைக் கிருமியை அடையாளம் காணும் திறனைப் பெறுகிறது. பயிற்சி முடிந்தவை மண்ணீரலுக்கும் குடலுக்கும் பிற இடங்களுக்கும் செல்கின்றன. குஞ்சு பொரித்த முதல் சில வாரங்களில் இந்தப் பணி உச்சத்தில் இருக்கும். கோழி பருவத்துக்கு வரும் காலத்தில் பை தானாகவே சுருங்கிவிடும். அதற்குள் வேண்டிய பட்டதாரிகள் வெளியே போயிருப்பார்கள்.

கம்போரோ நச்சுயிரி தாக்குவது அந்தப் பையில் பெருகிக்கொண்டிருக்கும் இளம் பி உயிரணுக்களை. நோய் தொற்றிய மூன்றாம் நாள் வாக்கில் பை நீர் கோத்து, மஞ்சள் நிறத்தில், ஏறத்தாழ இரு மடங்காக வீங்குகிறது. ஐந்தாம் நாள் பழைய அளவுக்குத் திரும்புகிறது. பார்ப்பவர்கள் குணமாகிவிட்டது என்று எண்ணக்கூடும். ஆனால் எட்டாம் நாளில் அது மூன்றில் ஒரு பங்காகச் சுருங்கிவிடுகிறது.

இனி வயதுக்கு வருவோம். ஒரு பேச்சுக்கு, நம் கல்லூரி 1923-லேயே மூடப்பட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும்? பள்ளிக் கட்டடங்கள் இருந்திருக்கும், மாணவர்களும் இருந்திருப்பார்கள், கற்பிக்க ஆள் இருந்திருக்காது. அதே கல்லூரி பல தலைமுறை ஆசிரியர்களை அனுப்பிய பிறகு சில காலம் மூடப்பட்டால், இழப்பு உண்டெனினும் பள்ளிகள் நடக்கும். கம்போரோவும் இவ்வாறே.

மூன்று வாரத்துக்கு மேல் ஆறு வாரம் வரையுள்ள குஞ்சுக்கு வந்தால் நோய் வெளிப்படையாகத் தெரியும். இறகு சிலிர்க்கும், கழிச்சல் வரும், தொடைத் தசையில் இரத்தக் கசிவு காணும், சாவும் நிகழும். மூன்று வாரத்துக்கு முன் வந்தாலோ நோய் அறிகுறி மிகக் குறைவாகவே தெரியும். சில வேளைகளில் தெரியாமலும் போகும். ஆனால் எதிர்ப்பாற்றலுக்கு ஏற்படும் கேடு இந்த இரண்டாம் நிலையில்தான் பெரிது, நிலைத்தும் விடுகிறது. சித்தப்பாவின் பண்ணையில் நடந்தது இதுவே. பிழைத்த குஞ்சுகளிடம் நியூகாசல் மருந்தைப் பாடமாக ஏற்று எதிர்ப்பொருள் உருவாக்கப் போதிய பி உயிரணுக்கள் இல்லை.

இதனாலேயே கம்போரோவைச் சிலர் ‘கோழிகளின் எய்ட்ஸ்’ என்பர். ஒப்புமை முழுமையானதன்று. எய்ட்ஸ் தாக்குவது டி உயிரணுக்களை. இது பி உயிரணுக்களை. கம்போரோ மனிதருக்குத் தொற்றாது என்பதையும் இங்கே அழுத்திச் சொல்ல வேண்டும்.

சோப்புக்கு அஞ்சாத நச்சுயிரி

கோவிட் காலத்தில் சோப்புப் போட்டுக் கை கழுவினோம். அந்த நச்சுயிரிக்குக் கொழுப்பாலான உறை உண்டு. சோப்பு அதைக் கரைத்துவிடும். கம்போரோ நச்சுயிரிக்கு அத்தகைய உறை இல்லை. ஆகவே அது பிடிவாதமானது. நோயுற்ற கோழிகளை அகற்றிய பின்னும் 122 நாள் வரை அக்கொட்டகை அடுத்த குஞ்சுகளுக்கு நோயைத் தந்ததாக 1960-களின் ஆய்வு ஒன்று காட்டியது. அந்த இடத்துத் தண்ணீர், தீனி, எச்சம் ஆகியவற்றால் 52 நாள் வரை தொற்று ஏற்பட்டது. பழைய உமிப் படுக்கையில் வாழும் கருவண்டுகளும் அதைச் சுமக்கின்றன. ஒரு தொகுதி கோழியை விற்றுவிட்டு ஒரே வாரத்தில் அடுத்த குஞ்சுகளை இறக்கும் பண்ணையில், பழைய நோய் புதிய குஞ்சுக்காகக் காத்திருக்கிறது எனலாம்.

தாய் தந்த பாதுகாப்பும் அதன் இடைவெளியும்

அப்படியென்றால் குஞ்சு பொரித்த அன்றே கம்போரோ தடுப்பு மருந்தைக் கொடுத்துவிட்டால் என்ன என்று கேட்கலாம். அங்கேதான் சிக்கல்.

தடுப்பூசி போடப்பட்ட தாய்க்கோழி, தன் எதிர்ப்பொருளை முட்டையின் மஞ்சள் கருவழியாகக் குஞ்சுக்குக் கொடுத்தனுப்புகிறது. முதல் வாரங்களில் குஞ்சைக் காப்பது இந்தத் தாய்வழிச் சீதனமே. ஆனால் அது தன் பையைத் தாக்க வரும் நச்சுயிரியையும் தடுப்பு மருந்திலுள்ள வலுக்குறைந்த நச்சுயிரியையும் பிரித்தறியாது, இரண்டையுமே அழித்துவிடும். ஆகவே சீதனம் கையில் நிறைய இருக்கும்போது கொடுத்த மருந்து வீண்.

அந்தச் சீதனம் மூன்று நான்கு நாள்களுக்கு ஒருமுறை பாதியாகக் குறைந்துகொண்டே வரும். அது போதுமான அளவு குறைந்தால்தான் மருந்து வேலை செய்யும். கொடிய வகை நச்சுயிரியோ சீதனம் ஓரளவு மீந்திருக்கும்போதே உள்ளே நுழைய வல்லது. ஆக, நோய்க்குக் கதவு திறந்தும் மருந்துக்குக் கதவு திறக்காத சில நாள்கள் உண்டு. பண்ணைக்காரரின் வெற்றி தோல்வி இந்தச் சில நாள்களில் அடங்கியிருக்கிறது. வெவ்வேறு தாய்க்கோழிகளின் குஞ்சுகள் ஒரே கொட்டகையில் கலந்திருந்தால், ஒன்றுக்கு ஏற்ற நாள் மற்றொன்றுக்கு ஏற்காது. இரத்தத்தைச் சோதித்து நாள் குறிப்பதும், கொட்டகையைச் சுத்தம் செய்து போதிய நாள் காலியாக வைப்பதும் இதனாலேயே முதன்மையாகின்றன. நாள் தள்ளினால் கதவு திறந்து கிடக்கும். நாள் முந்தினால் மருந்து பாழ்.

கொடுக்கும் முறையிலும் கவனம் வேண்டும். இம்மருந்தைப் பெரும்பாலும் குடிநீரில் கலந்து தருவர். குழாய் நீரிலுள்ள குளோரின், மருந்திலுள்ள உயிருள்ள நச்சுயிரியைக் கொன்றுவிடும். அதனால் கொழுப்பு நீக்கிய பால்மாவை முதலில் நீரில் கரைத்துக் குளோரினை அடக்குவர். கோழிகளைச் சற்றே தாகத்தில் வைத்து, வெயில் ஏறுமுன், இரண்டு மணி நேரத்துக்குள் குடித்து முடிக்கச் செய்வர்.

நம் நாட்டின் பங்களிப்பு

1980-களின் இறுதியில் ஐரோப்பாவில் கம்போரோவின் மிகக் கொடிய வகை தோன்றியது. மலேசியாவில் அது 1991-இல் அறியப்பட்டது. முட்டைக்கோழி இனங்களில் பாதிக்கு மேல் சாகடிக்கக்கூடிய வகை இது. அப்போது மலேசிய விவசாயப் பல்கலைக்கழகம் என்ற பெயரிலும் 1997 முதல் மலேசிய புத்ரா பல்கலைக்கழகம் என்ற பெயரிலும் விளங்கும் நிறுவனத்தில், முகமட் ஹைர் பெஜோ, அய்னி இடெரிஸ் முதலிய ஆய்வாளர்கள் இந்நோயைத் தொடர்ந்து ஆராய்ந்தனர். உள்நாட்டு நச்சுயிரியிலிருந்தே யு.பி.எம்.93 என்ற தடுப்பு மருந்தும் அங்கு உருவானது. அதற்கு முன்பே, 1980-களில், அதே பல்கலைக்கழகத்தினர் ஆஸ்திரேலிய ஆய்வாளர்களோடு இணைந்து, வெப்பத்தைத் தாங்கக்கூடிய நியூகாசல் தடுப்பு மருந்தைத் தீனியில் கலந்து கம்பத்துக் கோழிகளுக்குத் தரும் முறையை உருவாக்கினர். குளிர்ப்பெட்டி இல்லாத வீட்டுக்கும் பயன்படும் மருந்து அது.

நம் பேராக் மாநிலத்திற்கும் இதில் இடமுண்டு. 1948-இல் ஈப்போவில் நிறுவப்பட்ட கால்நடை ஆய்வுக் கழகம் கோழி நோய்களைக் கண்டறிவதிலும், நியூகாசல் உள்ளிட்ட நோய்களுக்குத் தடுப்பு மருந்து தயாரிப்பதிலும் நீண்ட அனுபவம் உடையது.

எனினும் நச்சுயிரியும் மாறிக்கொண்டே இருக்கிறது. தடுப்பூசி போடப்பட்ட மலேசியப் பண்ணைகளிலிருந்து எடுக்கப்பட்ட நச்சுயிரிகளில் கொடிய வகையோடு உருமாறிய வகையும் இருப்பதாக 2021-இல் வெளிவந்த ஆய்வு காட்டியது. உருமாறிய வகை பெரும்பாலும் கோழியைக் கொல்லாமலே பையைச் சுருக்கிவிடும். சாவு எண்ணிக்கையை மட்டும் பார்ப்பவர் கண்ணுக்கு அது படவே படாது.

நமக்கு இதில் என்ன?

கோழிக்கு எதிர்ப்பாற்றல் குன்றினால் குடல், சுவாசப் பைகளில் பாக்டீரியா நோய்கள் புகுகின்றன. பண்ணைக்காரர் உயிர்க்கொல்லி மருந்துகளை நாடுகிறார். அம்மருந்துகள் மிகும்போது, அவற்றுக்கு அடங்காத பாக்டீரியாக்கள் பெருகுகின்றன. மனிதருக்குக் கடைசிக் கட்டத்தில் தரப்படும் கோலிஸ்டின் என்ற மருந்தைப் பண்ணை விலங்குகளுக்குத் தருவதை மலேசியா 2019-ஆம் ஆண்டு முதல் தடை செய்தது இந்த அச்சத்தால்தான். கோழியின் ஒரு சிறு பையைக் காப்பது, மருத்துவமனையில் நம் பாட்டிக்குத் தரப்படும் மருந்தைக் காப்பதுமாகும்.

சித்தப்பாவின் இரண்டாம் கேள்விக்கு வருகிறேன்: பிள்ளைகளுக்குப் போடுவதும் இப்படித்தானா? மனிதரிலும் எதிர்ப்பாற்றலைப் பறிக்கும் நோய் உண்டு. தட்டம்மை அவற்றுள் ஒன்று. தடுப்பூசி பெறாமல் தட்டம்மை கண்ட நெதர்லாந்துச் சிறுவர்களின் இரத்தத்தை ஆராய்ந்து 2019-இல் ஒரு முடிவு வெளியானது. பிற கிருமிகளுக்கு எதிராக அவர்கள் முன்பு சேர்த்து வைத்திருந்த எதிர்ப்பொருள்களில் 11 முதல் 73 விழுக்காடு வரை நோய்க்குப் பின் காணாமற்போயிருந்தன. தட்டம்மைத் தடுப்பூசி அத்தகைய இழப்பை ஏற்படுத்துவதில்லை. ஆகவே கோழிப் பண்ணையில் கண்ட தோல்வி, ‘தடுப்பூசி வீண்’ என்பதற்குச் சான்றாகாது. எதிர்ப்பாற்றலை அழிக்கும் நோயை முதலில் தடுக்க வேண்டும். அதுவும் உரிய நாளில் தடுக்க வேண்டும் என்பதற்கே அது சான்று.

இதைச் சித்தப்பாவிடம் நான் சொன்னபோது, கல்லூரி உவமைதான் அவருக்கு உடனே பிடிபட்டது. ‘எதிர்ப்பொருள்’, ‘உயிரணு’ போன்ற சொற்கள் பிறகு தாமாக வந்து ஒட்டிக்கொண்டன. அடுத்த தொகுதிக்குமுன் கொட்டகையை எத்தனை நாள் காலியாக வைக்கலாம் என்று அவரே அதிகாரியைக் கேட்டார்.

நம்முள் பலர் நாளை தமிழ்ப்பள்ளிகளிலும் இடைநிலைப்பள்ளிகளிலும் நிற்கப்போகிறவர்கள். சிலர் ஏற்கனவே அங்கே இருக்கிறீர்கள். நம் மாணவர்களின் பெற்றோரில் கோழி வளர்ப்போர் இருப்பர். தடுப்பூசி பற்றி ஐயம் கொண்டோரும் இருப்பர். அவர்களுடைய கேள்வியை அறியாமை என்று ஒதுக்காமல், கண்முன் நடந்ததைக் கண்டு எழுந்த நியாயமான கேள்வியாக ஏற்று, அவர்களுக்குப் புரியும் தமிழில் விடை சொல்வது நம் கடமை. அறிவியல் தமிழ் கருத்தரங்க மேடைக்கு மட்டும் உரியதன்று. கோழிக் கொட்டகையிலும் மருத்துவமனை வரிசையிலும் அது பேசப்பட வேண்டும்.